பிராதைப் பதியாத போலீஸும் பிரஜையின் பரிகாரமும்

குற்றத்துக்கு ஆளான பிரஜை ஒருவன் போலீஸ் ஸ்டேஷனுக்குச் சென்று பிராது கொடுத்தால், அதனைப் பதிவு செய்வது அங்குள்ள அதிகாரியின் கடமையா, அன்றி அவர் மனமிரங்கிச் செய்யும் தயவா? சட்டம் இக்கேள்விக்கு ஐயத்துக்கிடமின்றி விடை கூறிவிட்டது. கடமை என்பதே அவ்விடை. ஆயினும் நாட்டில் இன்று நடைபெற்று வரும் காரியங்களைக் கவனிப்போர்க்கு அது தயவாகவே தோன்றும். சாமி வரங்கொடுத்தாலும் பூசாரி வரங்கொடான் என்னும் பழமொழி நமது போலீஸ் ஸ்டேஷன்களின் வாயிலில் எழுதி வைக்கத் தக்கது. பூசாரி மறுத்த வரத்தைச் சாமியிடமே கேட்டுப் பெறுதற்குரிய வழிகள் எவை, அவ்வழிகள் எவ்வளவு தூரம் திறந்திருக்கின்றன என்பவற்றை நாம் இங்கே ஆராயப் புகுகின்றோம்.

சென்னைக்குத் தெற்கே, கொட்டிவாக்கத்துக்கும் நீலாங்கரைக்கும் நடுவே கடலோரத்திலுள்ள பாலவாக்கத்தை உதாரணமாக எடுத்துக்கொள்வோம். நெடுங்காலம் கிராமமாக இருந்து 2011-ம் வருஷத்தில் சென்னை மாநகராட்சியோடு சேர்க்கப்பட்ட ஊர் அது. கிழக்குக் கடற்கரைச் சாலையின் இருமருங்கிலும் மனையின் விலை ஏற ஏற, மனையின்மீது கண் வைப்போர் தொகையும் ஏறிற்று. அங்கே மூன்று தலைமுறையாகச் சிறு மனையொன்றை அநுபவித்து வரும் குடும்பத்தின் வேலியைச் சிலர் இரவோடிரவாகப் பிடுங்கியெறிந்து, தடுக்க வந்தவரை அடித்துக் காயப்படுத்தி, போலிப் பத்திரம் ஒன்றைக் காட்டி மிரட்டுகின்றனர் என்று வைத்துக்கொள்வோம். குடும்பத் தலைவர் ஸ்டேஷனுக்குச் செல்கிறார். “இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போய்த் தீர்த்துக்கொள்” என்று பதில் வருகிறது. மனை யாருடையது என்பது சிவில் விவகாரமே. ஆனால் ஆளை அடித்ததும், வேலியைப் பிடுங்கியதும், பொய்ப் பத்திரம் புனைந்ததும் சிவில் விவகாரமாகுமா? அவர் இன்னும் வற்புறுத்தினால், சி.எஸ்.ஆர். என்று எல்லோரும் சொல்லும் மனு ஏற்புச் சீட்டு ஒன்று கைக்கு வரும். ஏதோ கிடைத்ததென்று அவரும் வீடு திரும்புவார்.

அச்சீட்டு முதல் தகவல் அறிக்கை அன்று. மனு வந்து சேர்ந்தது என்பதற்கு மாத்திரமே அஃது அத்தாட்சி. அதனைக்கொண்டு எவரையும் கைது செய்தல் இயலாது. கோர்ட்டுக்கு எந்த அறிக்கையும் போகாது. முதல் தகவல் அறிக்கை பதிவானாலோ, அதன் பிரதி மாஜிஸ்டிரேட்டுக்குச் செல்லும், விசாரணை தொடங்கும், முடிவு எதுவாயினும் கோர்ட்டுக்கு அறிக்கை அனுப்பியே ஆகவேண்டும். ஆகவே, ஒரு சீட்டுக்கும் மற்றொரு சீட்டுக்குமுள்ள வித்தியாசம் வெறும் காகித வித்தியாசமன்று. ஒன்று போலீஸாரின் மேஜையோடு முடிவது. மற்றொன்று நீதிபதியின் கண்முன் வருவது. நீதிபதியின் கண்ணுக்கு எட்டாதபடி காரியத்தை முடிக்க விரும்பும் அதிகாரிக்கு முதற் சீட்டே உகந்தது என்பதை விரித்துரைக்க வேண்டியதில்லை.

இவ்வழக்கம் இன்று நேற்று ஏற்பட்டதன்று. சென்னை ராஜதானியில் வரிவசூலுக்காகக் குடிகளைச் சித்திரவதை செய்த கொடுமைகளை விசாரித்த கமிஷன் 1855-ல் அறிக்கை வெளியிட்ட பின்னரே, 1859-ம் வருஷத்துச் சென்னை ஜில்லா போலீஸ் சட்டம் பிறந்தது. 1861-ல் இந்தியாவுக்குப் பொதுவான போலீஸ் சட்டம் வந்தது. அரசாங்கத்தின் அதிகாரத்தை நிலைநிறுத்துவதே அக்காலத்துப் போலீஸின் முதல் வேலை. குடிமகனின் குறை அடுத்தபடியே. கர்ஸன் பிரபு 1902-ல் நியமித்த போலீஸ் கமிஷன்கூடப் போலீஸார் திறமையற்றவர், ஊழலும் கொடுமையும் மிக்கவர் என்றே முடிவு கூறிற்று. அந்நிய ஆட்சி 1947-ல் நீங்கிற்று. ஆனால் ஸ்டேஷனுள் நுழையும் குடிமகன் இன்னமும் மனுதாரனாகவே நடத்தப்படுகிறான், உரிமையாளனாக நடத்தப்படவில்லை. குற்றங்கள் அதிகமாகப் பதிவானால் தமது ஆட்சியில் குற்றம் பெருகிற்று என்று பழி வருமே என்னும் அச்சம் மேலதிகாரிகளை விடவில்லை. பதிவேடு மெலிந்திருந்தால் நாடு அமைதியாயிருக்கிறது என்று பொருள் கொள்வது, வைத்தியரிடம் போகாதவனுக்கு வியாதியே இல்லை என்று சொல்வது போன்றதாகும்.

பிராதைக் கேளாமல் விட்டால் என்ன விளையும் என்பதற்குத் தமிழ்நாட்டில் வாச்சாத்தியைக் காட்டிலும் பெரிய சான்று வேண்டுவதில்லை. தருமபுரி ஜில்லா அரூர்ப் பகுதியில் சித்தேரி மலையடிவாரத்திலுள்ள மலைவாழ் மக்களின் கிராமம் அது. 1992-ம் வருஷம் ஜூன் மாதம் 20-ந் தேதி சந்தனக்கட்டையைத் தேடுவதாகச் சொல்லி வனத்துறை, போலீஸ், ரெவினியூ இலாகாக்களைச் சேர்ந்தோர் பெருங்கூட்டமாக அக்கிராமத்தில் புகுந்தனர். வீடுகள் நொறுக்கப்பட்டன; நூற்றுக்கு மேற்பட்டோர் பிடித்துச் செல்லப்பட்டனர்; பதினெட்டுப் பெண்கள் கற்பழிக்கப்பட்டனர். அவர்கள் யாரிடம் பிராது கொடுப்பது? குற்றம் செய்தவரே பிராதை வாங்கவேண்டியவரின் தோழர்கள். சர்க்காரோ அப்படியொரு சம்பவமே நடக்கவில்லை என்று சாதித்தது. மலைவாழ் மக்கள் சங்கத்தாரும், மார்க்ஸிஸ்டுக் கட்சித் தலைவர் ஸ்ரீ ஏ. நல்லசிவன் அவர்களும் விஷயத்தைக் கைவிடாது கோர்ட்டுக்குக் கொண்டு சென்றதன் பயனாக, 1995-ம் வருஷம் பிப்ரவரி மாதத்தில் சென்னை ஹைகோர்ட்டு வழக்கை மத்தியப் புலனாய்வு இலாகாவான சி.பி.ஐ.யிடம் ஒப்படைத்தது.

அதன் பின் நடந்ததை நம் வாசகர்கள் அறிவார்கள். குற்றம் சாட்டப்பட்டோர் 269 பேர். 2011-ம் வருஷம் செப்டம்பர் 29-ந் தேதி தருமபுரி செஷன்ஸ் கோர்ட்டு தீர்ப்புக் கூறியபோது அவர்களில் 54 பேர் இறந்துபோயிருந்தனர். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகளென்று தீர்மானிக்கப்பட்டனர். அப்பீல் மேலும் பன்னிரண்டு வருஷம் நடந்தது. 2023-ம் வருஷம் அதே செப்டம்பர் 29-ந் தேதி நீதிபதி பி. வேல்முருகன் தண்டனைகளை உறுதி செய்தார். பாதிக்கப்பட்ட பதினெட்டுப் பெண்களுக்கும் தலா பத்து லட்சம் ரூபாய் கொடுக்கவும், குற்றத்தை மூடி மறைத்ததற்காக அக்காலத்து ஜில்லா கலெக்டர், போலீஸ் சூப்பரிண்டெண்டு, வனத்துறை அதிகாரி ஆகியோர்மீது நடவடிக்கை எடுக்கவும் உத்தரவிட்டார். நீதி கிடைத்தது; மறுக்கவில்லை. முப்பத்தொரு வருஷம் கழித்துக் கிடைத்தது. பிராது கொடுத்த அன்றே ஒரு ஸ்டேஷன் அதிகாரி தம் கடமையைச் செய்திருந்தால், சாட்சியம் பசுமையாயிருந்திருக்கும்; 54 பேர் தீர்ப்பைக் காணாமல் தப்பிப் போயிருக்கமாட்டார்கள்; ஒரு தலைமுறை பெண்கள் கோர்ட்டுப் படிக்கட்டில் முதுமை அடைந்திருக்கமாட்டார்கள்.

நிற்க. சட்டம் இப்போது எந்நிலையில் இருக்கிறது என்று பார்ப்போம். உத்தரப் பிரதேசத்தில் கடத்தப்பட்ட சிறுமி ஒருத்தியின் தகப்பனார் 2008-ல் கொடுத்த பிராது பதிவு செய்யப்படவில்லை. சூப்பரிண்டெண்டிடம் முறையிட்ட பின்னரே பதிவாயிற்று. அதன் பின்னும் விசாரணை நகரவில்லை. அவர் தொடுத்த லலிதா குமாரி வழக்கில், தமிழ்நாட்டைச் சேர்ந்த பிரதம நீதிபதி பி. சதாசிவம் அவர்களின் தலைமையில் ஐந்து நீதிபதிகள் 2013-ம் வருஷம் நவம்பர் 12-ந் தேதி தீர்ப்பளித்தனர். வாரண்டின்றிப் போலீஸார் கைது செய்தற்குரிய குற்றம் நடந்ததாகப் பிராது தெரிவிக்குமாயின், அதனைப் பதிவு செய்தே ஆகவேண்டும். பிராது மெய்யா பொய்யா என்பது பதிவுக்குப் பின் விசாரித்து அறியத்தக்கது. பதிவு செய்யாத அதிகாரிமீது நடவடிக்கை எடுக்கவேண்டும். இதுவே அத்தீர்ப்பின் சாரம். குடும்பத் தகராறு, வியாபாரத் தகராறு, வைத்தியரின் கவனக்குறைவு, லஞ்சம், காரணமின்றித் தாமதித்து வந்த பிராது போன்ற சிலவற்றில் மாத்திரம் முதற்கண் சிறு விசாரணை செய்யலாம் என்று விலக்கு அளிக்கப்பட்டது.

1973-ம் வருஷத்துக் கிரிமினல் விசாரணைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக, 2024-ம் வருஷம் ஜூலை மாதம் முதல் தேதியிலிருந்து பாரதீய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா அமுலில் இருக்கிறது. பெயர் மாறினாலும் பரிகாரங்களின் படிவரிசை பெரிதும் பழையதே. அதனை ஒவ்வொரு தேசத்தொண்டரும் மனத்திற்கொள்ளுதல் அவசியமாதலின் சிறிது விவரிப்போம்.

முதற்படி ஸ்டேஷன். 173-வது பிரிவின்படி, குற்றம் எந்த எல்லையில் நடந்திருந்தாலும் எந்த ஸ்டேஷனிலும் தகவல் கொடுக்கலாம். ‘எங்கள் எல்லையன்று’ என்று திருப்பியனுப்ப இடமில்லை. மின்னஞ்சல் முதலிய மின்னணு வழியிலும் அனுப்பலாம். மூன்று நாட்களுக்குள் நேரில் கையெழுத்திட வேண்டும். பதிவு செய்த அறிக்கையின் பிரதியைப் பிராதுக்காரருக்கு இலவசமாகக் கொடுத்தல் வேண்டும். இரண்டாம் படி, ஸ்டேஷன் மறுத்தால் பிராதின் சாரத்தை எழுத்து மூலமாகப் போலீஸ் சூப்பரிண்டெண்டுக்குத் தபாலில் அனுப்புதல்; சென்னை போன்ற நகரங்களில் கமிஷனரின் கீழுள்ள அதற்கொத்த அதிகாரிக்கு அனுப்புதல். அவர் தாமே விசாரிக்கலாம், அன்றித் தமக்குக் கீழுள்ளவரை விசாரிக்கும்படி ஏவலாம். மூன்றாம் படி மாஜிஸ்டிரேட். முன் இரு படிகளையும் ஏறியதற்கு ஆதாரங்களோடு, பிரமாணப் பத்திரம் இணைத்து 175-வது பிரிவின் மூன்றாம் உட்பிரிவின்படி மனுச் செய்தால், மாஜிஸ்டிரேட் போலீஸாரை விசாரிக்கும்படி உத்தரவிடலாம்.

இம்மூன்றாம் படியின் வலிமையை நம்மவர் பலர் உணர்ந்தாரில்லை. 2007-ம் வருஷத்தில் சாகிரி வாசு வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதனை விளக்கியது. பதிவு செய்யும்படி உத்தரவிடும் அதிகாரம் மாத்திரமன்று, விசாரணை ஒழுங்காக நடைபெறுகிறதா என்று கண்காணிக்கும் அதிகாரமும் மாஜிஸ்டிரேட்டுக்கு உண்டு என்றும், பதிவு செய்யவில்லை என்ற ஒன்றுக்காகவே ஜனங்கள் நேரே ஹைகோர்ட்டுக்கு ஓடிவருவதை ஊக்குவித்தல் ஆகாது என்றும் அத்தீர்ப்புக் கூறிற்று. சென்னை ஹைகோர்ட்டிலும் இத்தகைய மனுக்கள் மலைபோற் குவிந்தன. அவற்றைக் கண்ட நீதிபதி பி.என். பிரகாஷ் 2016-ல் சுகேசன் டிரான்ஸ்போர்ட்ஸ் வழக்கில், போலீஸ் அதிகாரிகளும் மாஜிஸ்டிரேட்டுகளும் அநுசரிக்க வேண்டிய ஒழுங்குகளை வகுத்துக் கொடுத்தார்.

நான்காம் வழி ஒன்று உண்டு. அது போலீஸாரின் தயவே வேண்டாத வழி. 223-வது பிரிவின்படி பிராதை மாஜிஸ்டிரேட்டிடமே நேராகக் கொடுக்கலாம். அவர் பிராதுக்காரரையும் சாட்சிகளையும் பிரமாணத்தின்மீது விசாரித்து, முகாந்தரம் உண்டென்று கண்டால் எதிரிக்குச் சம்மன் அனுப்புவார். சாட்சிகள் கைவசமிருக்கும் சிறு வழக்குகளுக்கு இது சிறந்த வழி. ஆனால் ஒளிந்திருப்போரைத் தேடிப் பிடிப்பதும், பத்திரங்களைப் பறிமுதல் செய்து பரிசோதிப்பதும் தனிமனிதனால் ஆகாத காரியங்களாதலின், பெரிய குற்றங்களுக்கு இது போதாது. இவையெல்லாம் பயனற்றுப்போன பின்னரே ஹைகோர்ட்டு. அங்கே 528-வது பிரிவின்கீழ் இயற்கை அதிகாரமும், அரசியலமைப்பின் 226-வது ஷரத்தின்கீழ் ஆணை பிறப்பிக்கும் அதிகாரமும் உண்டு. வாச்சாத்தியைப் போல சர்க்காரே எதிரியாக நிற்கும் வழக்குகளில் ஹைகோர்ட்டைத் தவிர வேறு புகலிடம் இல்லை.

பதிவு செய்த பின்பு வழக்கை மூடிவிடும் தந்திரமும் உண்டு. அதற்கும் பரிகாரம் இல்லாமலில்லை. விசாரணை எந்நிலையில் இருக்கிறதென்பதைத் தொண்ணூறு நாட்களுக்குள் பிராதுக்காரருக்குத் தெரிவிக்க வேண்டுமென்று புதிய சட்டத்தின் 193-வது பிரிவு விதிக்கிறது. வழக்கை முடித்துக்கொள்ளப் போலீஸார் அறிக்கை அனுப்பினால், பிராதுக்காரருக்குத் தகவல் கொடுத்து, அவரது ஆட்சேபத்தைக் கேட்ட பின்னரே மாஜிஸ்டிரேட் அதனை ஒப்புக்கொள்ளலாம் என்று சுப்ரீம் கோர்ட்டு 1985-ல் பகவந்த் சிங் வழக்கில் தீர்மானித்திருக்கிறது.

இங்கே போலீஸார் தரப்பில் ஒரு நியாயம் சொல்லப்படும். ஜனங்கள் கொடுக்கும் பிராதெல்லாம் மெய்யா? கடன் கொடுத்தவன் வசூலுக்காகவும், பங்காளி பாகத்துக்காகவும், மனை வியாபாரி போட்டியாளனை மிரட்டுவதற்காகவும் போலீஸை ஏவலாளாக்கப் பார்ப்பதில்லையா? பார்க்கிறார்கள் என்பதை நாம் மறுக்கவில்லை. கடனை வசூலிக்க வந்த பாங்கி அதிகாரிகள்மீதே கடன்பட்டவர் மாஜிஸ்டிரேட் மூலமாக வழக்குகளை ஏவிய விபரீதத்தைக் கண்டுதான், 2015-ல் பிரியங்கா ஸ்ரீவாஸ்தவா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு பிரமாணப் பத்திரம் வேண்டுமென்று விதித்தது. பொய் சொல்வோன் சத்தியம் செய்து பொய் சொன்னதற்குரிய தண்டனைக்கு ஆளாவான், இது நியாயமே. ஆனால் பொய்ப் பிராதுக்கு மருந்து விசாரணையே அன்றி, மெய்ப் பிராதையும் சேர்த்துக் குப்பையில் எறிவதன்று. மேலும், பணக்காரனின் பொய்ப் பிராது இரவிலே பதிவாவதும் ஏழையின் மெய்ப் பிராது மாதக்கணக்கில் மேஜைமேல் கிடப்பதும் நாடறிந்த சங்கதி. பொய்யைக் கண்டு அஞ்சுவதாகச் சொல்வோர் இவ்வித்தியாசத்துக்கு என்ன சமாதானம் கூறுவர்?

புதிய சட்டத்தில் நமக்குக் கவலை தரும் அம்சங்கள் மூன்று. மூன்று வருஷத்துக்குக் குறையாமலும் ஏழு வருஷத்துக்கு உட்பட்டும் தண்டனையுள்ள குற்றங்களில், டிப்டி சூப்பரிண்டெண்டின் அநுமதி பெற்றுப் பதினான்கு நாட்கள் முன்விசாரணை செய்யலாமென்று 173-வது பிரிவு கூறுகிறது. பதிவுக்கு முன்னே பதினான்கு நாள் கிடைத்தால், சமரசம் பேசவும், மிரட்டவும், தடயங்கள் அழியவும் அது போதுமான அவகாசமல்லவா? இரண்டாவது, மாஜிஸ்டிரேட் உத்தரவிடுமுன் போலீஸ் அதிகாரியின் வாதத்தையும் கவனிக்க வேண்டும் என்பது. கேட்பதில் தவறில்லை, அதனைச் சாக்காகக் கொண்டு வாய்தாமேல் வாய்தா வாங்கினால் அதுவே தவறு. மூன்றாவதே மிகக் கடியது. உத்தியோகக் கடமை செய்கையில் நேர்ந்த காரியத்துக்காகச் சர்க்கார் ஊழியர்மீது பிராது வந்தால், அவருடைய மேலதிகாரியின் அறிக்கையையும் அவர் கூறும் சமாதானத்தையும் பெற்ற பின்னரே விசாரணைக்கு உத்தரவிடலாம் என்று 175-வது பிரிவின் நான்காம் உட்பிரிவு கூறுகிறது. வாச்சாத்தியில் மேலதிகாரிகள் என்ன அறிக்கை கொடுத்திருப்பார்கள்? குற்றத்தை மறைத்ததாக ஹைகோர்ட்டே கண்டித்தது அம்மேலதிகாரிகளையல்லவா? ‘உத்தியோகக் கடமை’ என்னும் சொல்லுக்குள் கற்பழிப்பும் அடிதடியும் அடங்கா என்பதைக் கோர்ட்டுகள் ஒவ்வொரு வழக்கிலும் திட்டமாக வற்புறுத்தினாலன்றி, இப்பிரிவு நேர்மையான ஊழியருக்குக் கேடயமாவதைவிடக் கயவருக்குக் கோட்டையாக முடியும்.

மற்ற நாடுகளின் நிலையையும் சற்று நோக்குவோம். அமெரிக்காவில், கோர்ட்டின் தடையுத்தரவை மீறிக் கணவன் கொண்டுபோன மூன்று பெண் குழந்தைகளை மீட்டுத் தரும்படி ஒரு தாய் போலீஸாரைத் திரும்பத் திரும்ப வேண்டியும் அவர்கள் அசையவில்லை, குழந்தைகள் கொலையுண்டனர். அவ்வுத்தரவைப் போலீஸார் நிறைவேற்றியே தீரவேண்டுமென்று கேட்கும் அரசியலமைப்பு உரிமை அத்தாய்க்கு இல்லை என்று அந்நாட்டுச் சுப்ரீம் கோர்ட்டு 2005-ல் கூறிவிட்டது. இங்கிலாந்திலோ, டாக்ஸி ஓட்டி ஒருவன் பல பெண்களைக் கெடுத்ததை ஒழுங்காக விசாரியாத லண்டன் போலீஸார் நஷ்டஈடு கொடுக்கக் கடமைப்பட்டவர் என்று 2018-ல் அந்நாட்டின் உச்சக் கோர்ட்டு தீர்ப்பளித்தது. இலங்கையில், 2019-ம் வருஷத்து ஈஸ்டர் குண்டுவெடிப்புக்கு முன் கிடைத்த எச்சரிக்கைகளின்மீது நடவடிக்கை எடுக்கத் தவறியதற்காக, முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன பத்துக் கோடி ரூபாயும், அக்காலத்துப் போலீஸ் தலைவர் ஏழரைக் கோடி ரூபாயும் சொந்தப் பணத்திலிருந்து கொடுக்கவேண்டுமென்று 2023-ம் வருஷம் ஜனவரியில் அங்குள்ள சுப்ரீம் கோர்ட்டு உத்தரவிட்டது. செய்த குற்றத்துக்குப் போலவே செய்யாத கடமைக்கும் விலை உண்டு என்பதை இவ்விரு தீர்ப்புக்களும் காட்டுகின்றன. நம் நாட்டில் அவ்விலையை வசூலிப்பது இன்னும் அபூர்வமாகவே இருக்கிறது. பெண்களுக்கெதிரான சில கொடுங்குற்றங்களைப் பதியாத ஊழியருக்கு ஆறுமாதம் முதல் இரண்டு வருஷம் வரை கடுங்காவல் விதிக்கும் பிரிவு உண்டு. தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் நான்காம் பிரிவும் கடமை தவறிய ஊழியரைத் தண்டிக்கிறது. அவை புத்தகத்திலே உறங்குதல் கூடாது.

சர்க்காருக்கு நாம் கூறுவது இது. சி.எஸ்.ஆர். சீட்டுக் கொடுத்தால், ஏன் முதல் தகவல் அறிக்கை பதியவில்லை என்ற காரணமும், எந்தத் தேதிக்குள் முடிவு தெரிவிக்கப்படும் என்பதும் அச்சீட்டிலேயே எழுதப்படல் வேண்டும். போலீஸார்மீதுள்ள புகார்களை விசாரிக்க ஓய்வுபெற்ற நீதிபதியின் தலைமையில் சுதந்திரமான சபை அமையவேண்டுமென்று 2006-ல் பிரகாஷ் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு கட்டளையிட்டது. தமிழ்நாடு 2013-ல் இயற்றிய சட்டமோ, உள்துறைச் செயலாளரையே மாநில சபைக்குத் தலைவராக்கியது. போலீஸை நடத்தும் இலாகாவே போலீஸை விசாரிப்பதற்குச் சுதந்திர விசாரணை என்று பெயர் சூட்டினால் ஜனங்கள் நம்புவார்களா? இச்சட்டத்தைத் திருத்துதல் அவசரமான காரியம்.

மாஜிஸ்டிரேட்டுகளுக்கும் ஒரு வார்த்தை. வந்த மனுவை ‘தகுந்த நடவடிக்கைக்கு’ என்று எழுதி, மறுத்த ஸ்டேஷனுக்கே திருப்பியனுப்புவது சட்டம் அவர்களுக்கு அளித்த அதிகாரத்தைத் தாமே துறப்பதாகும். கைதுக்குரிய குற்றம் தெரிகிறதா இல்லையா என்று காரணங்காட்டி விரைவில் உத்தரவிட்டால், ஹைகோர்ட்டின் பாரமும் குறையும், ஏழையின் வழிச்செலவும் குறையும்.

இனி நமது தொண்டர்களுக்கு. சட்டம் தெரிந்த ஒருவர் உடன் நின்றால், ஸ்டேஷனில் பேச்சின் தொனியே மாறிவிடுகிறது. பாலவாக்கத்துக் குப்பமாயினும், அரூர் மலையடிவாரமாயினும், எழுதத் தெரியாதவனின் பிராதைத் தெளிவாக எழுதிக் கொடுக்கவும், தேதியும் நேரமும் குறிக்கவும், தபால் ரசீதைப் பத்திரப்படுத்தவும், பிரதிகளை அடுக்கி வைக்கவும் ஊருக்கு ஒருவர் முன்வரவேண்டும். பெண்கள், குழந்தைகள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் ஆகியோருக்கு வருமானத்தைப் பாராமலே இலவசச் சட்ட உதவி அளிக்க 1987-ம் வருஷத்துச் சட்டம் வகை செய்திருக்கிறது. அவ்வுதவி இருக்கும் இடத்தை அவர்களுக்குக் காட்டுவதும் தேசத்தொண்டே. மேடைப் பிரசங்கங்கள் பத்துச் செய்வதினும் இத்தகைய பிராது ஒன்றைக் கடைசிப் படிவரை கொண்டுபோய்ச் சேர்ப்பது மேல் என்பது நமது திடமான அபிப்பிராயம்.

திருவாரூரில் ஆராய்ச்சி மணியை அசைத்த பசுவின் கதையைச் சிறு குழந்தையும் அறியும். அம்மணியோசை கேட்ட மாத்திரத்தில் சோழமன்னன் அரண்மனை வாயிலுக்கு வந்தான் என்பதே அக்கதையின் பெருமை. மணி கட்டியது பெரிதன்று. அதன் ஓசைக்கு எழுந்து வந்ததே பெரிது. நமது குடியரசும் மணி கட்டியிருக்கிறது. கயிறு ஏழையின் கைக்கு எட்டுகிறதா, அடித்தால் எழுந்து வருவார் உளரா என்பவையே இன்று நம்முன் நிற்கும் கேள்விகள். அவற்றுக்கு விடை கிடைக்கும்வரை நாம் ஓயப்போவதில்லை; நம் வாசகர்களும் ஓயலாகாது.